பொகோட்டாவுக்குக் கண்தான் வியாதி!

அந்த ஊர் வீடுகளுக்கு ஜன்னல் கிடையாது. கதவு உண்டு, உள்ளே நுழைய வேண்டுமே! சுவர்களுக்குப் பூச்சும் உண்டு. ஆனால் ஒரு பக்கம் சாம்பல், ஒரு பக்கம் கரும்பழுப்பு என்று கைக்கு வந்த நிறத்தை அப்பியிருப்பார்கள். 'இதைப் பூசியவன் குருடனாகத்தான் இருக்க வேண்டும்' என்று முதல்முதலாக அங்கே வருகிற வெளியூர்க்காரன் நினைத்துக்கொள்கிறான். அவன் வாய் முகூர்த்தம், அது அப்படியே நிஜம். அந்த ஊரில் பெயின்டருக்கு மட்டுமல்ல, யாருக்குமே கண் தெரியாது.

எச்.ஜி.வெல்ஸ் 1904-ல் எழுதிய 'குருடர்களின் தேசம்' என்ற சிறுகதையில் வருகிற ஊர் இது. ஷெர்லாக் ஹோம்ஸ் துப்புத் துலக்கிக்கொண்டிருந்த அதே 'ஸ்ட்ராண்ட்' பத்திரிகையில்தான் வெளியானது. கால இயந்திரம், கண்ணுக்குத் தெரியாத மனிதன், செவ்வாய்க்கிரகப் படையெடுப்பு என்று ஏற்கெனவே உலகத்தை ஒரு கலக்குக் கலக்கியிருந்த மனிதர், இந்தக் கதையில் யந்திரம் கிந்திரம் எதுவும் இல்லாமல் ஒரு வினோதமான காரியம் செய்தார். வெளிச்சமே தெரியாத ஒரு ஜனக்கூட்டம் தனக்கென்று ஒரு தத்துவ சாஸ்திரம் எழுதிக்கொண்டால் அது எப்படி இருக்கும் என்று யோசித்தார்.

இடம், தென் அமெரிக்காவில் ஈக்வடார் நாட்டு ஆண்டிஸ் மலை. ஸ்பானியக் கொடுங்கோலன் ஒருவனுக்குப் பயந்து சில குடும்பங்கள் ஒரு பள்ளத்தாக்கில் போய்க் குடியேறுகின்றன. தண்ணீர், புல், நல்ல மண், எல்லாம் இருக்கிறது. ஆனால் ஒரு நோய் வந்து, பிறக்கிற குழந்தைகளுக்கெல்லாம் பார்வை போய்க்கொண்டே இருக்கிறது. பரிகாரம் தேடி ஒருவன் மலை இறங்குகிறான். அவன் திரும்புவதற்குள் எரிமலை வெடித்துப் பாதை மூடிவிடுகிறது. அப்புறம் ஏறக்குறைய 15 தலைமுறை அவர்கள் தனியே.

பார்வை போனதே அவர்களுக்குத் தெரியவில்லை! காரணம், அது ஒரே நாளில் போகவில்லை. மங்கலாகத் தெரிந்தவர்கள் தெரியாதவர்களுக்கு வழிகாட்டி, அவர்கள் அடுத்தவர்களுக்குப் பழக்கிக்கொடுத்து, கடைசிக் கண் மூடும்போது ஊரே தடவித் தடவிப் பிழைக்கக் கற்றுவிட்டது. தெருக்கள் நேர்க்கோட்டில், ஓரத்தில் கல் விளிம்பு. எந்தத் தெரு என்று தெரிய விளிம்பில் ஒரு வெட்டு அடையாளம். காது அபாரம்! பத்துப் பன்னிரண்டு அடி தள்ளி நிற்கிறவனின் இதயத் துடிப்பு கேட்கும். மூக்கு, வேட்டைநாய் மூக்கு.

மூளைக்கு மட்டும் வேலை இல்லாமல் இருக்குமா? அவர்களிலும் ஞானிகள் பிறந்தார்கள். பாட்டி காலத்துக் கதைகளையெல்லாம் எடுத்து அலசினார்கள். வானம், நட்சத்திரம், பார்ப்பது... இதெல்லாம் என்ன உளறல் என்று தள்ளிவிட்டுப் புது சாஸ்திரம் எழுதினார்கள்.

அந்தச் சாஸ்திரத்தின் சாரம் இதுதான். உலகம் என்பது பாறைக்குள் இருக்கும் ஒரு குழி. மேலே வழவழப்பான கல் கூரை. அதிலிருந்துதான் பனி சொட்டுகிறது. முதலில் உயிரில்லாத பொருள்கள் வந்தன. பிறகு லாமா முதலிய பிராணிகள். பிறகு மனிதன். கடைசியாக தேவதைகள். தேவதைகள் தலைக்கு மேலே படபடப்பார்கள், பாடுவார்கள், ஆனால் யாராலும் தொட முடியாது. (என்ன இது என்று யோசிக்கிறீர்களா? பறவைகள்!) காலம் இரண்டு வகை: சூடு, குளிர். சூட்டில் தூங்க வேண்டும், குளிரில் உழைக்க வேண்டும். அதாவது நம் பகல் அவர்களுக்கு ராத்திரி.

இந்தச் சாஸ்திரத்தில் ஓட்டை கண்டுபிடியுங்கள் பார்க்கலாம். முடியாது. அவர்கள் கைக்கும் காதுக்கும் எட்டுகிற எல்லாவற்றுக்கும் அதில் பதில் இருக்கிறது. தினமும் ஒத்துப்போகிறது. ஒரு தத்துவத்துக்கு இதைவிட என்ன வேண்டும்?

* * *

இந்த ஊருக்குள்தான் வந்து விழுகிறான் நூனெஸ். நிஜமாகவே விழுகிறான். வெள்ளைக்காரர்களுக்கு மலையேற வழிகாட்டப் போனவன், ராத்திரி பனிச்சரிவில் உருண்டு, பிழைத்து, பள்ளத்தாக்குக்கு வந்து சேர்கிறான். எல்லோரும் பார்வையற்றவர்கள் என்று தெரிந்ததும் அவன் மனசுக்குள் ஒரு பழமொழி மணியடிக்கிறது. குருடர் ராஜ்யத்தில் ஒற்றைக் கண்ணன் ராஜா! நம் பக்கத்தில் சொன்னால், ஆலை இல்லாத ஊருக்கு இலுப்பைப்பூ சர்க்கரை. நமக்கோ இரண்டு கண், கேட்கவா வேண்டும் என்று மீசையை முறுக்குகிறான்.

அப்புறம் நடந்ததை நம் ஊர்ப் பேச்சில் சொன்னால் ஏறக்குறைய இப்படி இருக்கும்:

"நான் பொகோட்டா பக்கத்திலிருந்து வர்றேன் பெரியவரே. பெரிய பட்டணம்."

"ஓகோ, உன் பேரு பொகோட்டாவா?"

"அது ஊர் பேரு. நான் மலைக்கு அந்தாண்டையிருந்து வர்றேன். எனக்குக் கண் தெரியும்."

"தெரியும்னா?"

"பார்ப்பேன்."

"பார்ப்பேன்னா?"

"..."

"பாவம், இப்பத்தான் பாறையிலிருந்து உண்டாகி வந்திருக்கான். பேச்சே சரியா வரலை. நடக்கும்போது தடுக்கி வேற விழறான். சொல்லிக் கொடுத்தா சரியாயிடும்."

அன்று முதல் அவன் பெயர் பொகோட்டா. ஜன்னலில்லாத வீட்டுக்குள் கூட்டிப் போனால் கும்மிருட்டு. உட்கார்ந்திருப்பவர்கள் மேலேயே போய் விழுகிறான். 'புலன்கள் இன்னும் முழுசாக வளரவில்லை' என்று முடிவுகட்டி விடுகிறார்கள். அவர்கள் நிலையில் நீங்கள் இருந்தால் வேறென்ன சொல்வீர்கள்?

நிரூபித்துக் காட்டுகிறேன் என்று கிளம்புகிறான் நூனெஸ். தூரத்தில் 17-ம் நம்பர் பாதையில் பெட்ரோ என்ற ஆள் வருவது தெரிகிறது. "இதோ பாருங்கள், இன்னும் கொஞ்ச நேரத்தில் பெட்ரோ இங்கே வந்து நிற்பான்!" என்று ஜோசியர் மாதிரி அறிவிக்கிறான். "அவனுக்கு அந்தப் பாதையில் வேலையே இல்லையே" என்கிறார் ஒரு கிழவர். சொல்லிவைத்த மாதிரி பெட்ரோ பாதி வழியில் திரும்பி, குறுக்கே 10-ம் நம்பர் பாதைக்குப் போய்விடுகிறான். மானம் கப்பலேறியது.

இன்னொரு தடவை மேட்டில் ஏறி நின்று கீழே ஊரில் நடப்பதையெல்லாம் சொல்கிறேன் என்கிறான். சொல்லவும் சொல்கிறான். ஆனால் ஊர்க்காரர்கள் முக்கியம் என்று நினைக்கிற விஷயமெல்லாம் ஜன்னலில்லாத வீடுகளுக்கு உள்ளே நடக்கிறது! அது இவனுக்கு எப்படித் தெரியும்?

வார்த்தை பலிக்காதபோது மனிதன் என்ன செய்வான்? மண்வெட்டியைத் தூக்கினான். தூக்கிய பிறகுதான் தெரிந்தது, பார்வையில்லாத ஒருவனை நிதானமாக ஓங்கி அடிக்கத் தன்னால் முடியாது என்று. அவர்களோ காதைத் தீட்டிக்கொண்டு வரிசையாக நெருங்குகிறார்கள். ஒருவனைத் தாக்கிவிட்டுத் தப்பி, மதிலுக்கு வெளியே இரண்டு நாள் பட்டினி கிடந்து, கடைசியில் திரும்பி வந்து சரணடைகிறான்.

"இன்னும் பார்க்க முடியும்கிறியா?"

"இல்லை. அது என் பைத்தியக்காரத்தனம்."

"மேலே என்ன இருக்கு?"

"கல் கூரை. வழவழன்னு இருக்கு. எனக்குச் சாப்பாடு போடுங்க."

வயிறு சொல்லிக்கொடுக்கிற தத்துவத்தை எந்தப் பல்கலைக்கழகமும் சொல்லிக்கொடுக்க முடியாது.

* * *

யானையைத் தடவிப் பார்த்த குருடர்கள் கதை நம் எல்லோருக்கும் தெரியும். ஒருத்தர் தூண் என்றார், ஒருத்தர் முறம் என்றார். அந்தக் கதையைச் சொல்பவர் யார் என்று யோசித்திருக்கிறோமா? கண் உள்ளவர். யானை முழுசாகத் தனக்குத் தெரியும் என்ற தைரியத்தில் சொல்கிறார். வெல்ஸ் அதே கதையைத் திருப்பிப் போட்டார். தடவிப் பார்ப்பவர்கள் ஊர் முழுக்க. யானை தெரிந்தவன் ஒரே ஒருத்தன். இப்போது யார் பைத்தியம்?

இதற்கெல்லாம் கொள்ளுத்தாத்தா கிரேக்க ஞானி பிளேட்டோ. குகைக்குள் பிறந்தது முதல் சங்கிலியில் கட்டுண்டு, சுவரில் விழும் நிழல்களையே உலகம் என்று நம்புகிற மனிதர்களைத் தன் 'குடியரசு' நூலில் படைத்தார். ஒருத்தன் மட்டும் வெளியே போய்ச் சூரியனைப் பார்த்துவிட்டுத் திரும்பி வருகிறான். இருட்டுக்குக் கண் பழகாமல் தடுமாறுகிறான். மற்றவர்கள் சிரிக்கிறார்கள், விடுதலை செய்ய வந்தால் கொல்லவும் தயாராகிறார்கள். பிளேட்டோ அதை விளையாட்டாக எழுதவில்லை. அவருடைய குரு சாக்ரடீஸ் கி.மு. 399-ல் ஏதென்ஸ் நகரத்தில் விஷம் குடிக்கவைக்கப்பட்டவர்.

வெளிச்சம் இல்லாத ஊரில்தான் இந்தத் தொல்லை என்று நினைக்க வேண்டாம். வெளிச்சம் ஜாஸ்தியானாலும் இதே கதைதான். 1941-ல் ஐஸக் அஸிமோவ் என்ற 21 வயசுப் பையன் 'நைட்ஃபால்' என்று ஒரு கதை எழுதினான். பத்திரிகை ஆசிரியர் காம்ப்பெல் கூப்பிட்டு, 'ஆயிரம் வருஷத்துக்கு ஒரே ஒரு ராத்திரிதான் நட்சத்திரம் தெரியும் என்றால் மனுஷர்கள் என்ன ஆவார்கள்? பைத்தியம் பிடித்துவிடும் என்று நினைக்கிறேன்' என்கிற தினுசில் தூண்டிவிட்டதன் விளைவு.

லகாஷ் என்று ஒரு கிரகம். அதற்கு ஆறு சூரியன். ஒன்று மறைந்தால் இன்னொன்று. இருட்டு என்பதே கிடையாது. 2049 வருஷத்துக்கு ஒரு தடவை மட்டும் வானத்தில் ஒரே சூரியன் மிஞ்சி, அதையும் கிரகணம் பிடிக்கும். அங்கேயும் ஒரு சாஸ்திரம் இருக்கிறது. மதவாதிகள் 'நட்சத்திரம்' என்று ஏதோ வந்து மனுஷர்களின் ஆத்மாவைக் கொள்ளையடிக்கும் என்கிறார்கள், விஞ்ஞானிகள் சிரிக்கிறார்கள். அந்த விஞ்ஞானிகளில் ஒருத்தர் ரொம்பத் துணிச்சலாக ஒரு கற்பனை செய்து பார்க்கிறார்: 'ஒரே ஒரு சூரியன் உள்ள ஒரு கிரகம் இருந்தால்?' அடுத்த நிமிஷமே அவரே சொல்கிறார், அப்படிப்பட்ட கிரகத்தில் உயிர் வாழ முடியாதாம். பாதி நாள் வெளிச்சமில்லாமல் கிடக்குமே!

நாமெல்லாம் உயிரோடுதான் இருக்கிறோம் என்று யாராவது அவருக்குக் கடிதம் போட்டால் தேவலை.

அந்த ராத்திரி வருகிறது. தூரத்தில் இன்னும் ஒரு டஜன், இரண்டு டஜன் சூரியன் இருக்கலாம் என்று கணக்குப் போட்டிருந்தவர்கள் தலைக்கு மேலே முப்பதாயிரம் நட்சத்திரம்! வெளிச்சம் வேண்டும், வெளிச்சம் வேண்டும் என்று ஜனங்கள் ஊரையே கொளுத்துகிறார்கள். நாம் மொட்டை மாடியில் பாய் விரித்து ரசிக்கிற அதே வானம், அவர்களுக்குப் பிரளயம்.

* * *

"கதைக்கென்ன சார், எதையும் எழுதலாம். நிஜத்தில் பார்வையே இல்லாத ஒருத்தருக்குத் திடீரென்று பார்வை வந்தால் என்ன ஆகும்?"

இந்தக் கேள்வியை 1688-லேயே ஒருத்தர் கேட்டுவிட்டார். டப்ளின் நகரத்து வில்லியம் மாலினூ. கல்யாணமான கொஞ்ச நாளிலேயே அவருடைய மனைவிக்குப் பார்வை போய்விட்டது. மாலினூ தத்துவ மேதை ஜான் லாக்குக்கு எழுதிய புதிர் இது. பிறவியிலேயே பார்வையில்லாத ஒருவர் உருண்டையையும் சதுரக் கட்டையையும் தடவியே வித்தியாசம் சொல்வார். அவருக்குப் பார்வை வந்தால், தொடாமல், பார்த்த மாத்திரத்தில் எது உருண்டை என்று சொல்வாரா? முடியாது என்றார் மாலினூ. முடியாது என்றார் லாக். தத்துவவாதிகள் முந்நூறு வருஷம் மண்டையை உடைத்துக்கொண்டார்கள்.

1728-ல் லண்டன் சர்ஜன் செஸல்டன் ஒரு சுவையான கேஸை எழுதிவைத்தார். பதின்மூன்று, பதினாலு வயசுப் பையன். கண்புரை நீக்கியதும், பார்க்கிற எல்லாப் பொருளும் கண்ணைத் தொடுவது போலவே அவனுக்கு இருந்ததாம். வீட்டில் நாய் எது, பூனை எது என்பது மறந்து மறந்து போகும். கேட்கவும் வெட்கம். ஒரு நாள் பூனையைப் பிடித்து மடியில் போட்டு, தடவிக்கொண்டே உற்றுப் பார்த்து, இனிமேல் உன்னைத் தெரிந்துகொள்வேன் என்று அதனிடமே சொல்லிவிட்டு இறக்கி விட்டான். சுவரில் மாட்டிய ஓவியம் இன்னும் மோசம். மேடு பள்ளமாகத் தெரிகிறதே என்று தொட்டால் தட்டையாக இருக்கிறது. என் கண் பொய் சொல்கிறதா, கை பொய் சொல்கிறதா என்று கேட்டான். கெட்டிக்காரப் பையன்!

எல்லாக் கேஸும் இப்படிச் சிரிப்பாக முடியவில்லை. இங்கிலாந்தில் எஸ்.பி. என்ற இரண்டெழுத்தில் மட்டும் ஆராய்ச்சிக் கட்டுரைகளில் குறிக்கப்பட்ட ஒருவர், கைக்குழந்தைப் பருவத்தில் பார்வை இழந்தவர். 1959-ல், 52 வயதில், கருவிழி மாற்றுச் சிகிச்சையில் பார்வை பெற்றார். அருங்காட்சியகத்தில் ஒரு கடைசல் யந்திரத்தைக் கண்ணாடி வழியே பார்த்தார், ஒன்றும் புரியவில்லை. கண்ணை மூடி ஆசை தீரத் தடவினார். பிறகு தள்ளி நின்று கண்ணைத் திறந்து, தொட்டாகிவிட்டது, இப்போது தெரிகிறது என்றார். ஆனால் பார்வையில்லாதபோது தைரியமாகத் தெருவைக் கடந்தவர், பார்வை வந்த பிறகு நடுங்கினார். சாயங்காலங்களில் விளக்குப் போடாமல் இருட்டிலேயே உட்கார்ந்திருப்பாராம். 1960-ல் இறந்துபோனார்.

நூனெஸுக்குத் தெரியாத ரகசியம் இங்கேதான் இருக்கிறது. பார்ப்பது கண் மட்டுமல்ல. கண் அனுப்புகிற தந்தியைப் படிக்கத் தெரிந்த மூளை வேண்டும். அந்தப் பாஷையை நாம் தொட்டிலில் கிடந்தபடியே கற்றுவிட்டதால், கற்றதே ஞாபகமில்லை.

* * *

இதில் ஒரு பெரிய ஆபத்தும் ஒளிந்திருந்தது. ஹ்யூபல், வீசல் என்ற இரண்டு விஞ்ஞானிகள் பூனைக்குட்டிகளின் ஒரு கண்ணைச் சில மாதம் மூடிவைத்துப் பார்த்தார்கள். பிறகு திறந்தாலும் அந்தக் கண்ணை மூளை ஏறக்குறையக் கைவிட்டிருந்தது. அபாரமான ஆராய்ச்சி, 1981-ல் நோபல் பரிசு. ஆனால் அதிலிருந்து மருத்துவ உலகத்தில் ஒரு நம்பிக்கை கெட்டிப்பட்டது. பிறவிக் கண்புரை உள்ள குழந்தைக்கு ஏழெட்டு வயசு தாண்டிவிட்டால், ஆபரேஷன் செய்து பிரயோஜனமில்லை என்று. கிராமத்து ஏழைக் குழந்தை டாக்டரிடம் வந்து சேரும்போதே பத்து வயசாகியிருக்கும். 'டூ லேட்' என்று ஒரு வார்த்தை. கதவு சாத்தியாகிவிட்டது.

பவன் சின்ஹா இதைக் கேள்வி கேட்டார். டெல்லியில் படித்து, அமெரிக்காவின் எம்.ஐ.டி.யில் பேராசிரியரானவர். 2000-களின் நடுவில் 'பிராஜெக்ட் பிரகாஷ்' என்ற பெயரில் வடஇந்தியக் கிராமங்களில் இப்படிப்பட்ட பிள்ளைகளைத் தேடி, டெல்லியில் சிகிச்சைக்கு ஏற்பாடு செய்து, பிறகு என்ன நடக்கிறது என்று கவனிக்கத் தொடங்கினார்கள். அவருடைய குழுவே 2006-ல் ஒரு பெண்ணைப் பற்றி எழுதியது. 12 வயதில் கண்புரை நீக்கப்பட்டவர். 20 வருஷம் கழித்துச் சோதித்தால், பார்வைக் கூர்மை குறைவுதான். ஆனால் பொருளை, முகத்தைப் பார்த்துப் புரிந்துகொள்ளும் திறமை நன்றாகவே வந்திருந்தது. பூனைக்குட்டிக்குச் சாத்திய கதவு, இந்தப் பெண்ணுக்கு ஒருக்களித்துத் திறந்தே இருந்தது.

2011-ல் மாலினூவின் புதிருக்கும் விடை வந்தது. 8 முதல் 17 வயசு வரையிலான ஐந்து பிள்ளைகள். கட்டு அவிழ்த்த ஓரிரு நாளில் சோதனை. தொட்டதைத் தொட்டே கண்டுபிடிப்பதில் 98 சதவீதம். பார்த்ததைப் பார்த்தே கண்டுபிடிப்பதில் 92. தொட்டதைப் பார்த்துக் கண்டுபிடிப்பதில்? 58 சதவீதம்தான். அதாவது, ஏறக்குறைய பூவா தலையா! மாலினூ சொன்னது சரி. ஆனால் அவர் கேட்காத ஒரு விஷயமும் தெரிந்தது. சில நாட்களிலேயே அதே சோதனையில் பிள்ளைகள் வேகமாகத் தேறிவிட்டார்கள். பையன் பூனையைத் தடவிக் கற்றுக்கொண்டானே, அதே மாதிரி!

(கைக்குழந்தையின் கண்மணியில் வெள்ளையாக ஏதாவது தெரிந்தால் ஒரு நாளும் தாமதிக்காமல் கண் டாக்டரிடம் காட்டுங்கள். சீக்கிரம் போனால் கிடைக்கிற பார்வை வேறு, தாமதமாகக் கிடைக்கிற பார்வை வேறு. அதில் சந்தேகமே இல்லை.)

* * *

நூனெஸை நடுவழியில் விட்டுவிட்டோம்.

அவன் எஜமானர் யாக்கோப். அவர் மகள் மெடினா-ஸரோட்டே. கண் குழி விழாமல், நீள இமையோடு இருப்பதால் அந்த ஊரில் அவளுக்கு வரன் கிடைக்கவில்லை! நூனெஸ் அவளிடம் மலையையும் விண்மீனையும் வர்ணிக்கிறான். அவள் நம்பவில்லை, ஆனால் அழகான கற்பனை என்று சொக்கிப்போகிறாள். காதல். ஊர்ப் பெரியவர்கள் ஆட்சேபம். டாக்டர் வந்து தடவிப் பார்த்து வியாதியைக் கண்டுபிடித்துவிடுகிறார். "முகத்தில் கண் என்று இரண்டு துருத்திக்கொண்டு இருக்கிறதே, அது ஓயாமல் அசைகிறது. அதனால்தான் மூளைக்கு எரிச்சல். எடுத்துவிட்டால் பையன் தங்கமாகிவிடுவான்."

கவனியுங்கள், அந்த டாக்டர் கெட்டவரில்லை. அக்கறையோடுதான் சொல்கிறார். காதலுக்காக அவனும் சம்மதிக்கிறான். ஆபரேஷன் அன்று காலை சூரியோதயத்தைப் பார்க்கிறான். அப்படியே மலையேறிப் போய்விடுகிறான். ராத்திரி, உடம்பெல்லாம் அடிபட்டு, நட்சத்திரங்களுக்குக் கீழே படுத்திருக்கிறான். பிழைத்தானா, இல்லையா? வெல்ஸ் சொல்லவில்லை.

35 வருஷம் கழித்து, 1939-ல், வெல்ஸ் அந்த முடிவை மாற்றி எழுதினார். இந்தத் தடவை நூனெஸின் கண்ணுக்கு மலையில் ஒரு விரிசல் தெரிகிறது. பாறை சரியப்போகிறது என்று எச்சரிக்கிறான். யாரும் நம்பவில்லை. சரிவில் ஊர் அழிகிறது. நூனெஸும் மெடினாவும் மட்டும் தப்பி வந்து, குடும்பம் குழந்தையோடு வாழ்கிறார்கள். அவளுக்குச் சிகிச்சை பார்க்கலாமே என்ற பேச்சு வருகிறது. வேண்டாம் என்கிறாள் மெடினா. உங்கள் உலகம் அழகாக இருக்கலாம், ஆனால் பார்ப்பது பயங்கரமான விஷயமாக இருக்க வேண்டும் என்கிற அர்த்தத்தில் பதில் சொல்கிறாள்.

எஸ்.பி.யின் கதை தெரிந்தவர்கள் அவளைப் பரிகாசம் செய்ய மாட்டார்கள். டெல்லியில் கட்டு அவிழ்த்த பிள்ளைகளைத் தெரிந்தவர்கள் 'ஒரு தடவை முயற்சி செய்து பாரேன் அம்மா' என்று சொல்லத்தான் செய்வார்கள். ஆனால் மெடினாவுக்கு ஒரு பாக்கியம் கிடைத்தது. அவளைக் கேட்டார்கள். வேண்டாம் என்று அவளே சொன்னாள். நூனெஸுக்கு 'எடுத்துவிட வேண்டும்' என்று ஊர் முடிவு செய்தது. கிராமத்துப் பிள்ளைகளுக்கு 'இனிமேல் வேண்டாம்' என்று ஒரு சித்தாந்தம் முடிவு செய்தது. இரண்டு இடத்திலும் சாஸ்திரம் கனகச்சிதமாக இருந்தது. எதிரே உட்கார்ந்திருந்த ஆளை மட்டும் யாரும் கேட்கவில்லை.